இரண்டு நிலவு, ஒரு காலண்டர்: எந்தக் கணக்கை எடுப்பது?

ஃபேன்டஸி நாவல் எழுத உட்கார்ந்தவர்களில் மூன்று பேர் இந்த வருடம் என்னிடம் ஒரே கேள்வியைக் கேட்டுவிட்டார்கள். "என் உலகத்துல ஒண்ணுக்கு மேல நிலா இருக்கு, மாசத்தை எதை வச்சுக் கணக்குப் பண்றது?" ஒருவருக்கு இரண்டு நிலா, இன்னொருவருக்கு மூன்று, கடைசி ஆளுக்கு ஏழு. ஏழு வைத்திருந்தவரிடம் முதலில் நாலைக் குறைக்கச் சொன்னேன். அதற்கப்புறம் அவர் பேசவில்லை.

நானும் இதில் சூடு பட்டவன்தான். பாதியில் நிற்கிற என் நாவலில் மாதத்துக்கு 24 நாள் என்று வைத்துவிட்டு, நாற்பது பக்கம் தள்ளி ஒரு கிழவியை "பத்து மாதம் சுமந்து பெத்தவடா நான்" என்று அழவிட்டேன். கைப்பிரதியைப் படித்த என் அக்கா ஓரத்தில் பென்சிலால் எழுதியிருந்தாள்: "240 நாள். குறைப்பிரசவம். பிள்ளை இன்குபேட்டரில் இருக்கணும்." அந்த உலகத்துக் கிழவி பன்னிரண்டு மாதம் சுமந்ததாகத்தான் சொல்லியிருக்க வேண்டும். வயது, வட்டி, வாடகை, கர்ப்பம், விரதம் என்று மாதம் நுழையாத இடமே கிடையாது. அதனால் முதல் அத்தியாயத்துக்கு முன்பே இதை முடிவு பண்ணிவிடுவது நல்லது.

ஒப்பிட ஒரு பொது உலகம் வேண்டும், என்னுடையதையே எடுத்துக்கொள்கிறேன். ஆண்டுக்கு 380 நாள். பெரிய நிலவு மூத்தாள், பௌர்ணமியிலிருந்து பௌர்ணமிக்கு 31 நாள். சின்ன நிலவு இளையாள், 24 நாள். (பேரைப் பார்த்ததுமே யார் யாருக்குப் போட்டி என்று தெரிந்துவிடும், அதற்காகத்தான் வைத்தேன்.) இவ்வளவு நெருக்கமான பாதைகளில் நம் நிலவு அளவுக்குக் கனமான இரண்டு சுற்றினால் ஒன்றை ஒன்று இழுத்துக் கலைத்துவிடும். ஆகவே இரண்டும் கனம் குறைந்தவை என்று வைத்துக்கொள்ளுங்கள், மிச்சத்தை மந்திரம் பார்த்துக்கொள்ளும்.

எதை வைத்து எடை போடுவது

முதலாவது, பருவம் நகராமல் நிற்கிறதா. விதைப்பு மாதம் எல்லா வருடமும் விதைப்பு மாதமாகவே இருக்குமா? இரண்டாவது, படிக்காத ஒருவர் வாசலில் நின்று வானத்தைப் பார்த்துத் தேதி சொல்ல முடியுமா. மூன்றாவது, வாசகருடைய தலை எவ்வளவு தாங்கும். நாலாவது உங்கள் சொந்த வேலை: பின்னட்டவணை, எக்செல், திருத்தம்.

ஐந்தாவதை யாரும் யோசிப்பதில்லை, எனக்கு அதுதான் முக்கியம். அந்த உலகத்தில் "இன்று இந்தத் தேதி" என்று சொல்லும் அதிகாரம் யார் கையில் இருக்கிறது? கோயிலா, அரண்மனையா, கடற்கரையில் நிற்கும் கிழவனா? காலண்டரைத் தேர்ந்தெடுக்கும்போது உண்மையில் இதைத்தான் தேர்ந்தெடுக்கிறீர்கள்.

1. சூரியன் மட்டும், நிலவைக் கண்டுகொள்ளாதே

380 நாளைப் பத்து மாதமாகப் பிரித்தால் ஆளுக்கு 38 நாள், வேலை முடிந்தது. பருவம் அசையாது, வாசகருக்கும் சுமை இல்லை. வரி வசூலிக்கிற பேரரசுக்கு இதைவிட வசதி கிடையாது.

நிலவு இருந்தால் நிலவைக் கணக்கில் எடுத்துத்தான் ஆக வேண்டும் என்று நினைப்பவர்களுக்கு ஒரு உதாரணம். செவ்வாய்க்கு நிஜமாகவே இரண்டு நிலவு. தாமஸ் கங்காலே 1985-ல் அந்தக் கிரகத்துக்காக உருவாக்கிய டேரியன் காலண்டரில் 24 மாதம், மாதத்துக்கு 27 அல்லது 28 செவ்வாய் நாள். இரண்டு நிலவும் அதில் ஒரு மாதத்தைக்கூடத் தீர்மானிக்கவில்லை. தீர்மானிக்கவும் முடியாது. போபோஸ் ஏழரை மணி நேரத்துக்குச் சற்று மேல் எடுத்து ஒரு சுற்று முடித்துவிடுகிறது, டைமோஸுக்கு 30 மணி நேரம். மாதத்துக்கு ஆகாத நிலவுகள் அவை.

மறைந்திருக்கும் செலவு என்னவென்றால், உங்கள் இரண்டு நிலவும் மேடைத் திரையில் வரைந்த படமாகிவிடும். பார்க்க அழகு, கதைக்கு உபயோகமில்லை. அட்டையில் இரட்டை நிலவைப் போட்டுவிட்டு உள்ளே அதற்கு ஒரு வேலையும் கொடுக்காத நாவல் கடுப்பேற்றும். இன்னொன்று, 38 என்பதை வானத்தில் யாரும் பார்க்க முடியாது. கிராமத்தானுக்குத் தேதி தெரிய வேண்டுமானால் மேலேயிருந்து யாராவது சொல்ல வேண்டும். இறுக்கமான அரசாங்கம், ஆவணம், முத்திரை, குமாஸ்தா எல்லாம் உள்ள கதை என்றால் தயங்காமல் இதை எடுங்கள்.

2. மூத்தாள் மட்டும், ஆண்டு எப்படியோ போகட்டும்

பிறை பார்த்தால் மாதம் பிறக்கும், பன்னிரண்டு பிறைக்கு ஒரு வருடம். ஹிஜ்ரி காலண்டர் இப்படித்தான்: 354 அல்லது 355 நாள். சூரிய ஆண்டைவிட ஏறக்குறைய 11 நாள் குறைவதால் ரமலான் முன்னால் முன்னால் வந்து, சுமார் 33 வருடத்தில் எல்லாப் பருவத்தையும் சுற்றிவிடுகிறது. (அமாவாசைக்கும் அப்துல் காதருக்கும் என்ன சம்பந்தம் என்று சொல்லிச் சிரிக்கிறோமே, அமாவாசை கழிந்து வரும் பிறைக்காகத்தான் அவர் மேற்கே பார்த்துக்கொண்டு நிற்கிறார். அந்தப் பழமொழிக்கு வானவியல் தெரியாது.)

நம் உலகத்தில் 12 × 31 = 372, வருடத்துக்கு 8 நாள் துண்டு விழும். நாற்பத்தேழரை வருடத்தில் பருவம் ஒரு முழுச் சுற்று சுற்றும். பாட்டி தன் கல்யாண மாதத்தைக் கொட்டும் மழையாக நினைவு வைத்திருப்பாள், பேத்திக்கு அதே மாதம் வெயில் மண்டையைப் பிளக்கும். இது ஒரு குறை என்று நான் சொல்ல மாட்டேன், கதையில் இதைவிட நல்ல சாமான் கிடைக்காது.

கண்ணால் பார்த்தே தேதி சொல்லலாம் என்பது இதன் பெரிய பலம். பாலைவனம், கடல், ஆடுமாடு ஓட்டிக்கொண்டு திரிகிற கூட்டம் இவற்றுக்குச் சரியாகப் பொருந்தும். செலவு வயதில் வரும்: சூரியக் கணக்கில் 50 வயதான அரசனுக்கு இங்கே 51 முடிந்துவிட்டிருக்கும். பக்கத்து நாடு சூரியக் கணக்கு என்றால் ஒப்பந்தத்தில் "ஐம்பது ஆண்டுக் குத்தகை" என்று எழுதும்போது எந்த ஐம்பது என்று சண்டை வரும். வட்டிக்காரன் எந்த வருடத்தை விரும்புவான் என்று சொல்லவே வேண்டாம். விவசாயிக்கு மட்டும் இது ஒத்தே வராது, அவன் தனியாக ஒரு நட்சத்திரத்தைப் பார்த்து விதைத்துக்கொள்வான்.

3. மூத்தாளும் சூரியனும், நடுவில் ஒரு அதிக மாதம்

இதில்தான் எனக்கு ஆசை அதிகம். மாதம் நிலவைப் பின்தொடரும், துண்டு விழுகிற நாள் சேர்ந்து ஒரு மாத அளவு ஆனதும் ஒரு மாதத்தைச் செருகிவிடுவார்கள். நம் பூமியில் 19 ஆண்டும் 235 சந்திர மாதமும் ஏறக்குறைய ஒன்றாக முடிகின்றன, வித்தியாசம் இரண்டு மணி நேரத்துக்குச் சற்று மேல். ஏதென்ஸில் மெட்டன் கி.மு. 432-ல் அறிவித்த சுழற்சி இது: 19 வருடத்தில் 7 அதிக மாதம். நம் பஞ்சாங்கங்களின் அதிக மாசமும் இதே பிரச்சினைக்கான இன்னொரு தீர்வு.

மூத்தாளுக்குக் கணக்குப் போட்டால் அழகாக வருகிறது. 31 ஆண்டும் 380 மாதமும் சமம், இரண்டும் 11,780 நாள். பன்னிரண்டு வீதம் 372 மாதம் போக, 31 வருடத்தில் 8 அதிக மாதம். ஏழு முறை நாலு வருடத்துக்கு ஒன்று வரும், எட்டாவது மட்டும் மூன்றே வருடத்தில் வந்துவிடும். அந்த அவசர மாதத்தைப் பற்றி ஊரில் என்னென்ன கதை கட்டுவார்கள், அதில் பிறந்த குழந்தையை எப்படிப் பார்ப்பார்கள் என்று யோசித்தாலே ஒரு கிளைக்கதை கிடைத்துவிடும்.

ஆனால் உண்மையான விஷயம் செருகுவது யார் என்பதில் இருக்கிறது. பழைய ரோமில் அந்த உரிமை பூசாரிகள் குழுவிடம் இருந்தது. வேண்டியவர்கள் பதவியில் இருந்தால் மாதத்தைச் செருகி வருடத்தை நீட்டுவதும், வேண்டாதவர்கள் இருந்தால் விட்டுவிடுவதும் நடந்ததாக அவர்கள் மேல் குற்றச்சாட்டு உண்டு. கடைசியில் காலண்டர் பருவத்தை விட்டு மாதக்கணக்கில் விலகி, கி.மு. 46-ஆம் ஆண்டை 445 நாளாக இழுத்துத்தான் சரிசெய்ய முடிந்தது. சரிசெய்தவர் ஜூலியஸ் சீசர், அந்தப் பூசாரிகளின் தலைவரும் அவரே. இதை வைத்துக்கொண்டு அரண்மனைச் சதி எழுதத் தெரியாவிட்டால் நாம் எழுதவே வேண்டாம்.

சின்னச் சின்ன இடங்களிலும் காசு புரளும். வருடக் குத்தகைக்கு நிலம் எடுத்தவனுக்கு அதிக மாதம் இலவசம். மாத வாடகை கொடுப்பவனுக்கு அது தண்டம். கூலியை மாதக் கணக்கில் வாங்குபவர்கள் அந்த வருடம் கோயில் வாசலில் ஒரு தேங்காய் கூடவே உடைப்பார்கள். பண்ணையார் பூசாரியைச் சாப்பிடக் கூப்பிடுவார்.

செலவு: வாசகருக்கு ஒரு முறை விளக்கியாக வேண்டும். அதை முன்னுரையில் விளக்காமல் யாராவது ஏமாறுகிற காட்சியில் விளக்குங்கள். உங்களுக்கும் 31 வருட அட்டவணை ஒன்று தேவைப்படும். இளையாள் இந்தக் கணக்கில் வெளியே நிற்கிறாள் என்பதையும் மறக்க வேண்டாம், அவளைக் கும்பிடுகிற ஒரு ஊர் எங்கேயாவது இருக்கும். இளையாளுக்கு 95 சுற்று சரியாக 6 வருடம். ஆறு வருடத்துக்கு ஒரு முறை பெரிய விழா எடுக்கிற சிறுபான்மைக் கூட்டம் என்று வைத்தால் கச்சிதமாக உட்காரும்.

4. இரண்டு நிலவையும் பின்னிவிடு, ஆண்டே வேண்டாம்

ஒவ்வொரு நாளுக்கும் இரண்டு எண்: மூத்தாள் கணக்கில் இத்தனையாவது நாள், இளையாள் கணக்கில் இத்தனையாவது நாள். 31 × 24 = 744 ஜோடிகள், எல்லாம் முடிந்ததும் முதலிலிருந்து. "நான் ஏழு-பதினொன்றில் பிறந்தவள்" என்று ஒருத்தி சொல்வாள், அதுவே அவள் பெயராகவும் இருக்கலாம்.

இது கற்பனை மட்டும் இல்லை. ஜாவாவில் ஐந்து நாள் சந்தை வாரமும் ஏழு நாள் வாரமும் பின்னி 35 நாள் சுழற்சி உண்டு. பாலித் தீவின் 210 நாள் பவுகோன் காலண்டரில் ஒரு நாள் முதல் பத்து நாள் வரையிலான பத்து வகை வாரங்கள் ஒரே சமயத்தில் ஓடுகின்றன, கலுங்கன் திருநாள் 210 நாளுக்கு ஒரு முறை வரும். மாயர்கள் 260 நாள் சுழற்சியையும் 365 நாள் சுழற்சியையும் கோத்தார்கள். ஒரே சேர்க்கை மறுபடி வர 18,980 நாள், அதாவது 52 வருடம்.

மந்திரம், ஜாதகம், சகுனம் நிறைந்த கதைக்கு இது தேன். மீனவனுக்கும் இது தேவை, இரண்டு நிலவும் ஒரே பக்கம் இழுக்கிற நாளில்தான் கடல் ஊருக்குள் வரும். ஆனால் பருவம் இதில் அறவே இல்லை. இருபது வயதுப் பெண் பத்துப் பிறந்தநாள்தான் கொண்டாடியிருப்பாள். வாசகருக்கு மூன்றாவது அத்தியாயத்திலேயே மூச்சு முட்டும். முழு நாட்டுக்கும் வைக்காமல் ஒரு தீவுக்கோ, ஒரு சோதிடக் குடும்பத்துக்கோ மட்டும் வையுங்கள்.

எல்லோரும் விழுகிற குழி ஒன்று இங்கே இருக்கிறது: இரட்டைப் பௌர்ணமி. இன்று இரண்டும் சேர்ந்து பௌர்ணமி என்றால் அது அப்படியே திரும்பி வர 744 நாள், ஏறத்தாழ இரண்டு வருடம். தீர்க்கதரிசனத்துக்கு வசதியான எண்தான். ஆனால் நடுவில் 216-ஆம் நாள் இளையாளுக்குப் பௌர்ணமி, 217-ஆம் நாள் மூத்தாளுக்கு. மலைமேல் நிற்கும் மந்திரவாதிக்கு வேண்டுமானால் வித்தியாசம் தெரியும், திண்ணையில் படுத்திருப்பவருக்கு இரண்டும் முழுசாகத்தான் தெரியும். 527, 528-லும் இதே கூத்து. ஆக ஊர் சொல்லும் இரட்டைப் பௌர்ணமி வேறு, மடம் சொல்லும் இரட்டைப் பௌர்ணமி வேறு. வாக்கியப் பஞ்சாங்கத்துக்கும் திருக்கணிதத்துக்கும் சனிப்பெயர்ச்சித் தேதி ஒத்துப்போகாமல் கோயிலுக்குக் கோயில் தனித்தனியாகப் பூஜை நடப்பதைப் பார்த்த நமக்கு இதை எழுத யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

இருட்டுக்கும் இதே கணக்கு. அமாவாசையைச் சுற்றி ஐந்து இரவு இருட்டு என்று எடுத்துக்கொண்டால், இரண்டும் இல்லாத கும்மிருட்டு 744 இரவில் 25 மட்டும். திருடன், ஒற்றன், ஓடிப்போகிற காதலர்கள் எல்லோரும் அந்த 25 இரவுக்காக வரிசையில் நிற்கிற ஊர் அது.

5. தேதி சூரியனுக்கு, திருவிழா நிலவுக்கு

இது நாம் வாழ்கிற முறைதான். தமிழ் மாதம் சூரியன் ஒரு ராசியைக் கடக்கிற நேரம், அதனால்தான் ஆனி 32 நாள் வரை நீள்கிறது, மார்கழி 29-லேயே முடிந்துவிடுகிறது. பொங்கல் தை 1, அசையாது. தீபாவளி ஐப்பசியில் நிலவு தேய்ந்து முடியும்போது வருவதால் அக்டோபருக்கும் நவம்பருக்கும் நடுவில் அலைகிறது. தைப்பூசம் நிலவையும் நட்சத்திரத்தையும் பார்க்கிறது. ஒரே வீட்டில் இரண்டு கணக்கும் ஓடுகிறது, குழப்பம் வந்தால் சுவரில் தொங்கும் தினசரி காலண்டரில் பார்த்துக்கொள்கிறோம்.

உங்கள் உலகத்துக்கு: முதல் முறையின் 38 நாள் மாதம் அரசாங்கத்துக்கு, மூத்தாள் பிறை கோயிலுக்கு, இளையாள் கடலுக்கும் வைத்தியருக்கும். (ஒரு மண்டலம் 48 நாள் என்பது இளையாளுக்குச் சரியாக இரண்டு சுற்று. இதைக் கண்டுபிடித்த அன்று நான் தூங்கவில்லை.) வாசகர் நினைவில் வைக்க வேண்டியது ஒரே தேதிதான், மற்றதைக் கதாபாத்திரங்கள் புலம்புவார்கள். செலவு முழுவதும் உங்கள் தலையில். எந்தக் காட்சியிலும் மூன்றும் ஒத்துப்போக வேண்டும்.

| முறை | பருவம் நிற்குமா | வானம் பார்த்துத் தேதி | வாசகர் சுமை | தேதி யார் கையில் | உங்கள் வேலை |
|---|---|---|---|---|---|
| சூரியன் மட்டும் | நிற்கும் | முடியாது | இல்லை | அரண்மனை | குறைவு |
| மூத்தாள் மட்டும் | நிற்காது | முடியும் | குறைவு | பிறை கண்டவர் | நடுத்தரம் |
| அதிக மாதம் | ஓரளவு | முடியும் | நடுத்தரம் | பூசாரி | அதிகம் |
| பின்னிய சுழற்சி | இல்லவே இல்லை | பழகியவருக்கு | மிக அதிகம் | சோதிடர் | அதிகம் |
| இரட்டை வழி | நிற்கும் | பாதி | குறைவு | ஆளுக்குக் கொஞ்சம் | மிக அதிகம் |

முதல் நாவல் என்றால் ஐந்தாவதை எடுங்கள். அரசியல் கதை என்றால் மூன்று, யோசிக்கவே வேண்டாம். சிறுகதைக்கு முதலாவதே போதும்.

மூன்றாவது நிலவு இருந்தே தீர வேண்டும் என்பவர்களுக்கு: அதை மாதத்தில் சேர்க்காதீர்கள், கடிகாரமாக்குங்கள். செவ்வாயில் போபோஸ் மேற்கே உதித்துக் கிழக்கே மறையும், கிரகம் சுழல்வதைவிட வேகமாகச் சுற்றுவதால். என் உலகத்தில் அப்படி ஒரு பொடியன் இருக்கிறான், காவல்காரர்கள் அவனைப் பார்த்துத்தான் ஜாமம் மாற்றுகிறார்கள். மூன்றும் ஒரே கோட்டில் சேரும் நாளை உச்சக்காட்சியாக வைத்திருந்தால் வியாழனைக் கொஞ்சம் பாருங்கள். அயோ, யூரோப்பா, கனிமீட் மூன்றும் ஏறக்குறைய 1:2:4 என்ற விகிதத்தில் சுற்றுகின்றன, ஆனால் அவை பூட்டிக்கொண்டிருக்கும் விதத்தில் மூன்றும் ஒரே பக்கம் ஒரே கோட்டில் ஒருபோதும் வராது. ஆயிரம் வருடமாக ஒரு மதம் அந்த நாளுக்காகக் காத்திருக்கிறது, ஒரு பெண் கணக்குப் போட்டு அது வராது என்று கண்டுபிடிக்கிறாள். எடுத்துக்கொள்ளுங்கள், நான் எழுதப்போவதில்லை.

எந்த முறையானாலும் உங்களுக்கென்று ஒரு ரகசியத் தொடர் எண் வேண்டும்: கதை உலகின் முதல் நாள் 1, அங்கிருந்து ஏறிக்கொண்டே போகும். நம் வானியலாளர்கள் கலி நாள் எண்ணியதும் இதற்குத்தான். எக்செல்லில் அந்த எண்ணை 31-ஆலும் 24-ஆலும் வகுத்து மீதியைப் பார்த்தால் இரண்டு நிலவும் எங்கே என்று தெரிந்துவிடும். அப்புறம் ஏதாவது ஒரு நாளுக்குத் தினசரி காலண்டர் தாள் ஒன்றை எழுதிப் பாருங்கள். தாள் எழுத வரவில்லை என்றால் காலண்டர் இன்னும் தயாராகவில்லை. இரண்டு நிலவும் பௌர்ணமியாக இருந்த இரவுக்கு மறுநாள் என் உலகத்தின் ஆண்டு 1 பிறந்தது. அதே மாதிரி புத்தாண்டுக்கு முந்தின இரவில் இரண்டும் முழுசாக நிற்க 186 வருடம் ஆகும். என் கதை அதற்கு அடுத்த வருடத்தில் நடக்கிறது:

ஆண்டு 187, நாலாம் மாதம் 17.
மூத்தாள்: தேய்பிறை 7. நடுநிசியை ஒட்டி உதயம்.
இளையாள்: தேய்பிறை 11. நாளை அமாவாசை.
அரசு: நிலவரி கட்ட 21 நாள் பாக்கி.
கோயில்: விசேஷம் இல்லை.
துறைமுகம்: சின்ன வலைக்கு உகந்த நாள்.
இருட்டு: முன்னிரவு மட்டும்.

என் திருடன் இந்தத் தாளின் கடைசி வரியைப் படித்துவிட்டு, விளக்கு வைக்கிற நேரத்துக்கே வீட்டை விட்டுக் கிளம்புகிறான்.